"அம்மாகிட்ட எப்படிச் சொல்றதுக்கா?"

வடாம் காயப் போட்டிருக்கும் நாட்களில், மாலை ஐந்து மணிக்கு மொட்டை மாடிக்குப் போய் வேட்டியோடு சுருட்டி எடுத்து வருவது என் வழக்கம். 2025 சித்திரையில் ஒரு நாள் அப்படிப் போனபோது, தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் யாரோ விசும்புகிற சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தேன். எங்கள் மாடி அறையில் குடியிருக்கும் பெண்தான். கம்பெனி சீருடையைக் கூட மாற்றாமல், கையில் செல்போனை வைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதுகொண்டிருந்தாள்.

நான் பத்தாவது வரைதான் படித்தவள். எழுதுவது என் தொழில் இல்லை. அன்று மாலை ஆரம்பித்த விஷயம் என் மனதை விட்டுப் போகாததால் எழுதுகிறேன்.

தண்டலம் என்றால் சிலருக்குத் தெரியாமல் இருக்கலாம். பூந்தமல்லியைத் தாண்டி ஸ்ரீபெரும்புதூர் போகிற வழியில், பெங்களூர் நெடுஞ்சாலை மேலேயே இருக்கிறது எங்கள் ஊர். 1999ல் நான் வாழ்க்கைப்பட்டு வந்தபோது எங்கு பார்த்தாலும் நெல் வயல்தான். அதற்கு முந்தின வருஷம்தான் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார் வெளிவர ஆரம்பித்திருந்தது. 2006ல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா வந்தது. 2014ல் மூடிக்கொண்டு போனது. அது போனாலும் வேறு எத்தனையோ வந்துவிட்டன. விடிவதற்குள் தெருமுனையில் கம்பெனி பஸ்கள் வரிசையாக நிற்கும். ஏறுகிறவர்களில் பாதிக்கு மேல் பெண் பிள்ளைகள். வல்லம் வடகாலில் 2024 ஆகஸ்டில் சிப்காட் திறந்த குடியிருப்பில் மட்டும் 18,720 பெண்கள் தங்கலாம் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். இடம் கிடைக்காதவர்கள் எங்களைப் போன்றவர்கள் வீட்டு மாடியில் நாலு பேர், ஐந்து பேராக இருக்கிறார்கள்.

இந்தப் பெண்ணுக்கு வயது 23. விருத்தாசலத்துக்குப் பக்கத்தில், முந்திரிக் காட்டு ஊர். அப்பாவுக்கு நாலு வருஷம் முன்பு பக்கவாதம் வந்து ஒரு கை, ஒரு கால் விழுந்துவிட்டது. தம்பி பாலிடெக்னிக்கில் படிக்கிறான். மாதா மாதம் 11,000 ரூபாய் ஊருக்கு அனுப்புகிறாள். தனக்கென்று வைத்துக்கொள்வதில் அறை வாடகை, சாப்பாடு போக, தீபாவளிக்கு ஒரு சுடிதார். அவ்வளவுதான்.

"என்னம்மா ஆச்சு?" என்றேன். ரொம்ப நேரம் பதில் இல்லை. பிறகு, கூட வேலை செய்யும் ஒரு பையனைப் பிடித்திருக்கிறது என்றாள். திருவண்ணாமலைப் பக்கத்துப் பையன், வயது 25, வேறு சாதி. ஊரிலோ மாமா மகன் காத்திருக்கிறான். வைகாசியில் தட்டு மாற்றிவிடலாம் என்று அம்மா போன் செய்திருக்கிறாள்.

சகோதரிகளே, அப்போது நான் என்ன சொன்னேன் தெரியுமா? எழுத வெட்கமாக இருக்கிறது. "இதென்ன கூத்து? உன் அம்மாவுக்கு போன் பண்ணிச் சொல்லட்டுமா?" என்றேன். வீட்டுக்காரி என்ற முறையில் நமக்கேன் வம்பு என்ற பயம்தான். அவள் முகம் வெளிறிப் போய்விட்டது. "வேணாங்க்கா. எங்க ஊருக்குப் பக்கத்துலதான் கண்ணகிக்கு அப்படி ஆச்சு. இன்னைக்குக் கூட நியூஸ்ல வந்துருக்கு, பாருங்க" என்று செல்போனை நீட்டினாள்.

புதுக்கூரைப்பேட்டை கண்ணகி-முருகேசன் வழக்கை உங்களில் பலர் செய்தியில் கேட்டிருப்பீர்கள். விருத்தாசலத்தை அடுத்த அந்த ஊரில், முருகேசன் என்ஜினீயரிங் படித்த பையன். பட்டியல் சாதியைச் சேர்ந்தவர். கண்ணகி வன்னியர் வீட்டுப் பெண். அப்பா ஊராட்சித் தலைவர். இருவரும் 2003 மே 5ம் தேதி கடலூரில் யாருக்கும் தெரியாமல் பதிவுத் திருமணம் செய்துகொண்டார்கள். செய்துகொண்டு, எதுவும் நடக்காதது போல அவரவர் வீட்டுக்குத் திரும்பிப் போனார்கள். விஷயம் வெளியே கசிந்ததும் முருகேசன் கண்ணகியை ஒரு உறவினர் வீட்டில் கொண்டுபோய் விட்டார். பெண் வீட்டார் முதலில் முருகேசனைப் பிடித்தார்கள். பிறகு கண்ணகியையும் தேடிக் கொண்டுவந்தார்கள். ஜூலை 8ம் தேதி, ஊரார் கண்ணெதிரே, இரண்டு பேருக்கும் விஷம் கொடுத்துக் கொன்று எரித்துவிட்டார்கள். போலீஸ் முதலில் முறையாக வழக்கே போடவில்லை. பின்னால் சி.பி.ஐ. விசாரித்து, 2021 செப்டம்பரில்தான் கடலூர் கோர்ட்டில் தீர்ப்பு வந்தது. கண்ணகியின் சகோதரனுக்குத் தூக்கு; அப்பா உட்பட 12 பேருக்கு ஆயுள். அந்த 12ல் இரண்டு பேர் போலீஸ்காரர்கள். ஹைகோர்ட் தூக்கை ஆயுளாகக் குறைத்தது. 2025 ஏப்ரல் 28ம் தேதி சுப்ரீம் கோர்ட் தண்டனையை உறுதி செய்தது. அந்தச் செய்தியைப் படித்துவிட்டுத்தான் எங்கள் மாடியில் அந்தப் பெண் அழுதுகொண்டிருந்தாள். அந்தக் கொலை நடந்தபோது அவள் கைக்குழந்தை. "ஒழுங்கா இருக்கலைன்னா கண்ணகி கதிதான்" என்று சொல்லிச் சொல்லியே வளர்த்தார்களாம்.

என்னைத் தூங்க விடாமல் செய்தது அந்த இரண்டு மாதம்தான். மே 5லிருந்து ஜூலை வரை. கல்யாணம் செய்துகொண்டுவிட்ட பெண், தன் வீட்டில் ஒரு ஜீவனிடம் வாய் திறந்து சொல்ல முடியவில்லையே. எனக்கும் ஒரு மகள் இருக்கிறாள், கல்லூரியில் இரண்டாம் வருஷம். மறுநாள் காலை அவளுக்குத் தலை பின்னும்போது, "உனக்கு யாரையாவது பிடிச்சிருந்தா என்கிட்ட சொல்லுவியாடி?" என்று கேட்டேன். அவள் திரும்பிக்கூடப் பார்க்காமல், "சொன்னா நீ என்னம்மா பண்ணுவே?" என்றாள். சீப்பு அப்படியே நின்றுவிட்டது. பதில் என்னிடம் இல்லை. இப்போதும் முழுசாக இல்லை.

இரண்டு நாள் கழித்து அந்தப் பெண்ணை அடுப்படிக்குக் கூப்பிட்டு, காபி கொடுத்து உட்கார வைத்தேன். "காதலா, குடும்பமான்னு கேட்டா நான் என்னக்கா சொல்லுவேன்? குடும்பம்தான். அப்பாவைப் பாத்தா வேற என்ன சொல்ல முடியும்?" என்றாள். சினிமாவில் எல்லாம் இப்படித்தான் வரும். தராசில் இந்தத் தட்டில் ஒன்று, அந்தத் தட்டில் ஒன்று. ஆனால் "குடும்பம்னா என்ன? பிரிச்சுச் சொல்லு பார்க்கலாம்" என்று நான் துருவித் துருவிக் கேட்டதில் விஷயம் வேறு மாதிரி வந்தது.

அப்பா விழுந்தபோது புதுச்சேரி ஆஸ்பத்திரிச் செலவுக்கு மாமாதான் பணம் கொடுத்தார். 1,80,000 ரூபாய். பத்திரம் கேட்கவில்லை, வட்டி கேட்கவில்லை. "என் பையனுக்கு உன் பொண்ணைக் குடுத்துடு, கணக்கு நேராயிடும்" என்று மட்டும் சொன்னாராம். ஆக, கடமை கடமை என்று அந்தக் குழந்தை சுமந்துகொண்டிருந்ததில் பெரும் பங்கு ஒரு கடன். இன்னொரு பங்கு, கல்யாணமாகி வெளியே போய்விட்டால் மாதம் 11,000 நின்றுபோகுமே என்ற அம்மாவின் பயம். மாமா வீட்டில் கொடுத்தால் நிற்காது என்று ஒரு நம்பிக்கை. மூன்றாவது, ஊர் வாய்.

இந்தப் பணப் பயம் சும்மா வந்ததில்லை என்பதையும் சொல்லவேண்டும். 2024 ஜூனில், ஸ்ரீபெரும்புதூர் பக்கத்து பாக்ஸ்கான் ஆலையில் ஐபோன் வேலைக்குக் கல்யாணமான பெண்களை எடுப்பதில்லை என்று ராய்ட்டர்ஸ் செய்தி வெளியிட்டது. கம்பெனி அதை மறுத்தது. மத்திய தொழிலாளர் அமைச்சகம் தமிழக அரசிடம் அறிக்கை கேட்டது. அது எப்படியோ போகட்டும். எங்கள் தெருவில் உள்ள பெண்கள் மத்தியில் "தாலி ஏறினா வேலை போயிடுமோ" என்ற பேச்சு அடங்கவில்லை. மகள் சம்பளத்தில் அடுப்பெரிகிற வீட்டில் அவள் கல்யாணம் என்றாலே வயிற்றில் புளி கரைக்கிறது.

பால் கணக்கு நோட்டைக் கொண்டுவரச் சொன்னேன். கடைசிப் பக்கத்தில் அவளையே எழுத வைத்தேன். மாமா கடன் 1,80,000. மாதம் 5,000 வீதம் தனியாகக் கட்டினால் 36 மாதம். மூன்று வருஷம். அனுப்புகிற 11,000ல் இது போனால் வீட்டுக்கு 6,000தான். போதாது. தம்பி படிப்பு இன்னும் ஒரு வருஷத்தில் முடிகிறது. அதுவரை அவள் ஓவர்டைம் பார்ப்பது, அம்மா முந்திரி உடைக்கிற வேலைக்குப் போவது. பையனிடம் கேட்டுப் பார்த்தாள். கல்யாணத்துக்குப் பிறகும் அவள் வீட்டுக்கு அனுப்புவதில் தனக்கு ஆட்சேபணை இல்லை என்று சொன்னானாம். (சொல்வது சுலபம். இரண்டு வருஷம் பொறுக்கச் சொல்லிப் பார், பொறுத்தால் நம்பு என்றேன்.) நோட்டைப் பார்த்துவிட்டு அவள் ரொம்ப நேரம் பேசவில்லை. "இதுக்கா நான் கழுத்தை நீட்டப் பாத்தேன்?" என்றாள்.

மாமன் மகனைக் கட்டுவது தப்பு என்று நான் சொல்லவில்லை. மனசு ஒத்துப்போய்க் கட்டிக்கொண்டு நன்றாக வாழ்கிறவர்கள் என் சொந்தத்திலேயே இருக்கிறார்கள். 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் நூற்றுக்கு 28 பெண்கள் சொந்தத்தில்தான் கல்யாணம் செய்திருக்கிறார்கள். இந்தியாவிலேயே அதிகம். ஆனால் வைத்தியர்கள் சொல்வதையும் காதில் போட்டுக்கொள்ள வேண்டும். அத்தை-மாமன் பிள்ளைகள் கட்டிக்கொண்டால், பிறக்கும் குழந்தைக்குப் பிறவிக் கோளாறு வரும் வாய்ப்பு மற்றவர்களைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு. மற்றவர்களுக்கு நூற்றுக்கு இரண்டு, மூன்று என்றால் இவர்களுக்கு நாலு, ஆறு. பெரும்பாலான குழந்தைகள் நன்றாகத்தான் பிறக்கின்றன. இருந்தாலும் ஏற்கெனவே குடும்பத்தில் காது கேளாமை, ரத்தக் கோளாறு என்று இருந்தால், தேதி குறிக்கும் முன்பே டாக்டரைப் பார்த்துவிடுவது நல்லது. கடனைக் கழிக்கக் கட்டிக்கொடுக்கிற கல்யாணத்தில் இதையெல்லாம் யார் கேட்கப் போகிறார்கள்?

ஊர் வாய்க்கு என்னிடம் கணக்கு இல்லை. எங்கள் பக்கத்தில் பெரியவர்கள் ஒரு கதை சொல்வார்கள். ஸ்ரீபெரும்புதூரில் பிறந்தவர் ராமானுஜர். பூந்தமல்லியில் பிறந்தவர் திருக்கச்சி நம்பி. நாங்கள் இரண்டுக்கும் நடுவில் இருக்கிறோம். நம்பி வைசியர் என்றாலும் ராமானுஜர் அவரை குருவைப் போலப் பாவித்து, காஞ்சிபுரத்தில் தம் வீட்டுக்குச் சாப்பிட அழைத்தார். ராமானுஜர் வெளியே போயிருந்த நேரத்தில் நம்பி வந்து சாப்பிட்டுவிட்டுப் போனார். அவர் போனதும் ராமானுஜரின் மனைவி அந்த இடத்தைச் சாணம் போட்டு மெழுகித் தலை முழுகினாராம். அந்த அம்மாளைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவர் காலத்தில் அண்டை அயலார் என்ன சொல்வார்களோ என்றுதானே பயந்திருப்பார். ஆயிரம் வருஷமாக நாமும் மெழுகிக்கொண்டேதான் இருக்கிறோம்.

சட்டம் என்ன சொல்கிறது என்று என் கணவரின் சிநேகிதரான ஒரு வக்கீலிடம் கேட்டேன். பெண்ணுக்கு 18, பையனுக்கு 21 ஆகிவிட்டால், இருவரும் சம்மதித்துச் செய்துகொள்ளும் கல்யாணத்துக்குக் குடும்பத்தின் சம்மதமோ, ஊரின் சம்மதமோ சட்டப்படி தேவையில்லை என்று 2018 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட் தெளிவாகச் சொல்லிவிட்டது. சாதி மாறிக் கல்யாணம் செய்பவர்களுக்குப் பாதுகாப்புக் கொடுக்க மாவட்டத்துக்கு ஒரு சிறப்புப் பிரிவு வேண்டும் என்று 2016லேயே சென்னை ஹைகோர்ட் உத்தரவிட்டிருக்கிறது. எஸ்.பி. ஆபீசில் கேட்கலாம். 181க்கு போன் செய்தாலும் பெண்களுக்கு உதவி கிடைக்கும். மதம் வேறாக இருந்து சிறப்புத் திருமணச் சட்டப்படி செய்துகொள்வதானால், 30 நாள் முன்பே நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அது ஆபீசில் எல்லோர் பார்வைக்கும் ஒட்டப்படும். வீட்டில் ஆபத்து உள்ளவர்கள் இதை முதலிலேயே தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டும்.

அதனால்தான் "அம்மாவிடம் சொல்லிவிடு" என்று எல்லாப் பெண்ணுக்கும் நான் சொல்ல மாட்டேன். இந்தப் பெண்ணிடம் முதலில் கேட்டது இதுதான்: "உங்க வீட்டுல கை நீட்டுறவங்க யாராவது இருக்காங்களா? மாமா எப்படி? கோவம் வந்தா என்ன செய்வார்?" அடிக்கிற வீடாக இருந்தால், அறையில் பூட்டுகிற வீடாக இருந்தால், ஊருக்குப் போய்ச் சொல்லாதே, முதலில் பாதுகாப்பு, பிறகுதான் பேச்சு. அவள் யோசித்துவிட்டு, "மாமா கத்துவாரு. ஆனா கை ஓங்க மாட்டாரு. அம்மா அழும்" என்றாள். அழுகிற அம்மாவிடம் சொல்லலாம்.

ஆடி மாதம் அந்த அம்மா வந்தார். தட்டு மாற்றுவதை, லீவு கிடைக்கவில்லை என்று பெண் இரண்டு தடவை தள்ளிப் போட்டிருந்தாள். ஒரு பையில் முந்திரிப் பருப்பும், நன்றாகப் பழுத்த ஒரு பலாப்பழமும் கொண்டுவந்திருந்தார். பாளையங்கோட்டையில் ஜூலை 27ம் தேதி கவின் என்ற பையனை, அவன் பழகிய பெண்ணின் தம்பி பட்டப்பகலில் வெட்டிக் கொன்றானே, அந்தச் செய்தி எல்லா டி.வி.யிலும் ஓடிக்கொண்டிருந்த வாரம். (அதற்கப்புறம் அக்டோபரில், இந்த மாதிரிக் கொலைகளைத் தடுக்கத் தனிச் சட்டம் பற்றிச் சிபாரிசு செய்ய நீதிபதி கே.என். பாஷா தலைமையில் ஆணையம் அமைப்பதாக முதலமைச்சர் சட்டசபையில் அறிவித்தார்.) நான் டி.வி.யை அணைத்துவிட்டு, பலாச்சுளை எடுக்க உட்கார்ந்தேன். அந்த அம்மாவும் கையில் எண்ணெய் தடவிக்கொண்டு கூட உட்கார்ந்தார். பெண் ஷிப்டுக்குப் போயிருந்தாள்.

"எனக்குத் தெரியும்ங்க" என்றார், நான் எதுவும் கேட்காமலே. "போன்ல அது சிரிக்கிற சத்தமே மாறிப் போச்சு. பெத்தவளுக்குத் தெரியாதா?"

"அப்புறம் ஏங்க நீங்களே கேக்கலை?"

சுளையில் ஒட்டிய நாரைப் பிய்த்துக்கொண்டே இருந்தார். "கேட்டா அது சொல்லிரும். சொல்லிருச்சுன்னா நான் ஏதாவது செஞ்சாகணுமே. அதான் கேக்கலை."

என் மகள் தலை பின்னும்போது கேட்ட கேள்வியும் இந்த அம்மா சொன்னதும் ஒன்றேதான். நாம் என்ன செய்வோம் என்று அவர்களுக்கும் தெரியவில்லை, நமக்கும் தெரியவில்லை. அதனால் இரண்டு பக்கமும் வாயை மூடிக்கொள்கிறோம்.

சின்னக் குழந்தை வைத்திருக்கும் சகோதரிகளுக்கு இது இருபது வருஷம் கழித்து வரப்போகிற பிரச்சினையாகத் தோன்றும். அப்படி இல்லை. கண்ணாடி டம்ளரை உடைத்துவிட்டு, "அம்மா, நான்தான் உடைச்சேன்" என்று ஓடிவருகிற ஐந்து வயசுக் குழந்தைக்கு முதுகில் ஒன்று வைத்தோமானால், அடுத்த முறை துண்டுகளைப் பொறுக்கிக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிடும். காலையும் கிழித்துக்கொள்ளும், சொல்லவும் சொல்லாது. நான் என் பெண்ணை எத்தனை டம்ளருக்கு அடித்திருக்கிறேன் என்று அன்று உட்கார்ந்து யோசித்தேன்.

வீட்டில் விஷயம் தெரிந்ததும் சாதாரணமாக நாம் செய்கிற காரியங்களையும் நினைத்துப் பாருங்கள். செல்போனைப் பிடுங்குவது. வேலையை விட்டு நிறுத்துவது. பத்தே நாளில் வேறு ஒருவன் கையில் பிடித்துக் கொடுப்பது. பெண் சாப்பிடாமல், தூங்காமல் துரும்பாகிப் போனால் "கண் திருஷ்டி" என்று மிளகாய் சுற்றிப் போடுவது. இதற்குப் பதில் அந்தப் பையனைப் போய்ப் பார்க்கலாமே. என்ன வேலை, நிரந்தரமா, ஒப்பந்தமா? குடிப்பானா? ஏற்கெனவே கல்யாணமானவனா? அவன் அம்மா எப்படிப்பட்டவள்? மாப்பிள்ளை பார்க்கும்போது எவ்வளவு விசாரிக்கிறோம்! பெண்ணே பார்த்த பையன் என்றால் மட்டும் விசாரிக்காமலே வேண்டாம் என்கிறோம். விசாரித்துவிட்டு வேண்டாம் என்றால் அதையாவது பெண் கேட்பாள்.

அந்த அம்மா அப்படித்தான் செய்தார். ஞாயிற்றுக்கிழமை மூன்று பேரும் திருவண்ணாமலை பஸ் ஏறினார்கள். கிரிவலம் போவதாகச் சொல்லிக்கொண்டு பையனின் ஊருக்குப் போய் வந்தார்கள். ஓட்டு வீடு, இரண்டு மாடு, ஒரு தங்கை என்றார். "அவங்கம்மா என்னைப் பாத்து ஒரு வார்த்தை பேசலை. தண்ணி மட்டும் குடுத்தாங்க" என்றார். அந்த வீட்டிலும் ஒரு அம்மா பயந்துகொண்டுதானே இருப்பார். ஊருக்குக் கிளம்பும்போது பால் கணக்கு நோட்டின் அந்தக் கடைசிப் பக்கத்தை, எழுத்துக் கூட்டி, இரண்டு தடவை படித்தார். "மூணு வருஷம்" என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டார்.

ஆவணியில் முதல் 5,000த்தை அண்ணனிடம் கொண்டுபோய் நீட்டினாராம். மாமா வாங்கவில்லை. "என்னை அந்நியனாக்கிட்டியா?" என்று திண்ணையிலிருந்து எழுந்து உள்ளே போய்விட்டார். நாலு நாள் கழித்து அண்ணி வந்து வாங்கிப் போனார். புரட்டாசியில் மாமாவே வாங்கிக்கொண்டார்; எண்ணிப் பார்த்துப் பையில் வைத்துக்கொண்டார், ஆனால் பேசவில்லை. அவர் மகனுக்கு வேறு இடம் பார்க்கிறார்கள் என்று கேள்வி.

அப்பாவிடம் இன்னும் சொல்லவில்லை. தை பிறக்கட்டும் என்கிறார் அம்மா. பெண் இப்போது இரண்டாம் ஷிப்டு; ராத்திரி பதினொன்றரைக்கு வந்து மாடியேறுகிற சத்தம் கேட்கும். நோட்டின் கடைசிப் பக்கத்தில் ஐந்து வரி ஆகியிருக்கிறது. இன்னும் முப்பத்தொன்று பாக்கி.